சுக்கு முதலில், எலுமிச்சை கடைசியில்: பழமும் மூலிகையும் சேர்ந்த சூடான தேநீர்

தர்மபுரி, கிருஷ்ணகிரி என்றதும் வெளியூர்க்காரர்களுக்கு வெயிலும் வறட்சியும்தான் நினைவுக்கு வரும். அவர்கள் மார்கழியில் ஒருமுறை தளிப் பக்கம் வந்து பார்க்க வேண்டும். ஓசூரைத் தாண்டித் தேன்கனிக்கோட்டை, தளி என்று போகப்போக, காலை எட்டு மணிக்கும் பஸ்ஸின் முகப்பு விளக்கு எரிந்துகொண்டிருக்கும். வெள்ளைக்காரர்கள் தளியைக் குட்டி இங்கிலாந்து என்று அழைத்ததாகச் சொல்வார்கள். டிசம்பர் மாதத்தில் அங்கே வாசல் தெளிக்கும் பெண்களைக் கேட்டால் அந்தப் பெயரைப் பற்றி இரண்டு வார்த்தை கூடுதலாகவே சொல்வார்கள். அந்தக் குளிருக்குப் பால் டீ போதாது. தொண்டைக்குள் இறங்கும்போதே இதமாக உறைக்கிற, பழ வாசனையும் இலை வாசனையும் கலந்த ஒரு டம்ளர் சூடான பானம் வேண்டும்.

அதை வீட்டிலேயே போடுவது எப்படி என்பதுதான் இந்தக் கட்டுரை. தேயிலை இல்லாததைத் தேநீர் என்று சொல்லலாமா என்று கேட்பவர்கள் உண்டு. சொல்லிப் பழகிவிட்டோம், விடுங்கள்.

நான் முதல்முறை போட்ட கதையைச் சொல்லிவிடுகிறேன். தளியில் அத்தை வீட்டில் இருந்தேன். சமையலறையில் கைக்குக் கிடைத்ததையெல்லாம் ஒரே பாத்திரத்தில் கொட்டினேன்: இஞ்சி, பட்டை, துளசி ஒரு கைப்பிடி, கற்பூரவல்லி நான்கு இலை, நறுக்கிய ஆப்பிள், தோலோடு அரை எலுமிச்சை, ஒரு துண்டு வெல்லம். இருபது நிமிடம் தளதளவென்று கொதித்தது. வடிகட்டி, பெருமையாக அத்தையிடம் நீட்டினேன். ஒரு வாய் குடித்தார். டம்ளரை மெதுவாகத் திண்ணையில் வைத்தார். "யாருக்குப்பா காய்ச்சல்?" என்று கேட்டார்.

அதில் எந்தப் பொருளும் கெட்டுப்போனதில்லை. எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் போட்டதுதான் தவறு. இலைகள் வெந்து கசந்துவிட்டன. எலுமிச்சைத் தோலுக்கு அடியிலுள்ள வெள்ளைப் பகுதி கொதியில் கரைந்து இன்னும் கசப்பைச் சேர்த்தது. பட்டையும் இஞ்சியும் மட்டும்தான் அந்த இருபது நிமிடத்துக்குத் தகுதியானவை.

வரிசைதான் எல்லாம்

வைத்திருக்கும் பொருள்களை மனதுக்குள் நான்கு கூட்டமாகப் பிரித்துக்கொள்ளுங்கள். சுக்கு, மிளகு, பட்டை, ஏலக்காய் போன்றவை கெட்டியானவை. இவை கொதிக்க வேண்டும். பழம் வேக வேண்டும். இலையும் பூவும் அடுப்பை அணைத்த பிறகு வெந்நீரில் ஊற வேண்டும். எலுமிச்சைச் சாறும் தேனும் டம்ளரில்தான் சேர வேண்டும்.

காரணம் எளிது. மரப்பட்டையிலும் காய்ந்த கிழங்கிலும் உள்ள சாரம் உள்ளே புதைந்து கிடக்கிறது. சூடும் நேரமும் கொடுத்தால்தான் வெளியே வரும். துளசி, புதினா, எலுமிச்சைப்புல் ஆகியவற்றின் வாசனை அப்படியில்லை. அது ஆவியாகும் எண்ணெய். கொதிக்கவிட்டால் வீடு முழுவதும் மணக்கும், டம்ளரில் ஒன்றும் இருக்காது. "என்ன வாசனை, என்ன வாசனை" என்று பக்கத்து வீட்டார் சொன்னால் மகிழ்ச்சி அடையாதீர்கள். உங்களுக்கு வர வேண்டியது அவர்களுக்குப் போய்க்கொண்டிருக்கிறது. ஆகவே இலை போட்டதும் மூடி போடுவது கட்டாயம்.

தண்ணீர், பாத்திரம்

இந்த இரண்டு மாவட்டங்களிலும் தண்ணீரைப் பற்றிப் பேசாமல் எந்தப் பானத்தைப் பற்றியும் பேச முடியாது. இங்கே பல ஊர்களின் நிலத்தடி நீரில் புளோரைடு அதிகம். பற்களில் பழுப்புக் கறை படிந்த ஒரு தலைமுறையையே நாம் பார்த்திருக்கிறோம். அதற்காகத்தான் ஜப்பான் கடனுதவியோடு ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் வந்தது. காய்ச்சினால் எல்லாம் சரியாகிவிடும் என்று நினைப்பவர்கள் நிறையப் பேர். காய்ச்சினால் கிருமி சாகும், புளோரைடு போகாது. தண்ணீர் சுண்டச் சுண்ட அதன் அடர்த்தி கூடத்தான் செய்யும். தேயிலையிலும் இயல்பாகவே புளோரைடு உண்டு என்பதையும் நினைவில் வையுங்கள். எனவே நீண்ட நேரம் கொதிக்கும் இந்தப் பானத்துக்கு ஒகேனக்கல் குழாய்த் தண்ணீரோ சுத்திகரித்த தண்ணீரோதான் சரி. போர்வெல் தண்ணீரை வேறு வேலைக்கு வைத்துக்கொள்ளுங்கள். உப்புத் தண்ணீரில் செம்பருத்திப் பூவின் நிறமும் எடுக்காது. அழுக்குச் சாம்பல் நிறத்தில் நிற்கும்.

பாத்திரம் எவர்சில்வராக இருக்கட்டும். பழப் புளிப்பு அலுமினியத்தை அரிக்கும். ஈயம் பூசாத பித்தளையையும் அப்படியே. இரும்புச் சட்டியில் நெல்லிக்காயைப் போட்டால் மை போலக் கறுத்துவிடும். மண்சட்டி அழகுதான், ஆனால் முந்தின நாள் அதில் மீன் குழம்பு வைத்திருக்கக் கூடாது. பொருத்தமான மூடி ஒன்று வேண்டும். இல்லையென்றால் ஒரு தட்டு போதும்.

கெட்டிச் சரக்கு

இரண்டு பேருக்கு என்று வைத்துக்கொள்வோம். அரை லிட்டர் தண்ணீர் எடுத்தால், சுண்டியதும் ஊறியதும் போக, இரண்டு பெரிய டம்ளர் கிடைக்கும்.

இஞ்சியா சுக்கா என்பது முதல் கேள்வி. பச்சை இஞ்சியில் உறைப்பு முன்னால் வந்து சீக்கிரம் போகும். பழ ருசியோடு நன்றாக ஒட்டும். சுக்கு மெதுவாக ஏறி, நெஞ்சில் நின்று எரியும். பகலில் குடிப்பதற்கு இஞ்சி, பனி இறங்கும் இரவுக்குச் சுக்கு என்பது என் கணக்கு. இஞ்சியென்றால் கட்டைவிரல் அகலத்துக்கு ஒரு துண்டு. சுக்கென்றால் விரலின் ஒரு கணு அளவு. சுக்கின் மேல்தோலைச் சுரண்டிவிட வேண்டும். சுக்குக்குப் புற நஞ்சு, கடுக்காய்க்கு அக நஞ்சு என்று நாட்டு வைத்தியத்தில் ஒரு சொலவடையே உண்டு. இடுக்கில் மண்ணும் அழுக்கும் தங்கியிருக்கும் என்பது கண்ணுக்கே தெரியும்.

மிளகு ஆறு. வத்தல்மலை மிளகு கிடைத்தால் வாங்குங்கள். மலையிலிருந்து நேராக இறங்கியது, காரம் புதிதாக இருக்கும். ஏலக்காய் ஒன்று. இரண்டு போட்டால் பாயச வாசனை வந்துவிடும். கிராம்பு விரும்பினால் ஒன்றே ஒன்று. பல் வலிக்கு வைப்பதை நாக்கு மறக்காது.

பட்டையில் மட்டும் கொஞ்சம் நிதானம் வேண்டும். மளிகைக் கடையில் பிரியாணிக்குக் கொடுக்கும் தடித்த, ஒற்றைச் சுருளாக இருக்கும் பட்டை ஒரு வகை. காகிதம் போல மெல்லிய அடுக்குகள் சுருட்டுபோல் சுருண்டிருக்கும் இலங்கைப் பட்டை இன்னொரு வகை. முதல் வகையில் கூமரின் என்ற பொருள் அதிகம். தினமும் அதிகமாக உள்ளே போனால் கல்லீரலுக்கு நல்லதில்லை. எப்போதாவது பிரியாணியில் விழுவதற்குக் கவலை இல்லை, ஆனால் குளிர்காலம் முழுவதும் நாள்தோறும் குடிக்கப் போகிறீர்கள் என்றால் இலங்கைப் பட்டையை வாங்குவது நல்லது. விலை கூடுதல்தான். விரல் நீளத்தில் பாதித் துண்டு போதும் என்பதால் கட்டுப்படியாகும்.

இவை அனைத்தையும் சிறிய உரலில் ஒன்றிரண்டாக இடித்துக்கொள்ளுங்கள். மிக்சியில் போட்டு மாவாக்காதீர்கள். வடிகட்டியில் நிற்காமல் டம்ளரின் அடியில் சேறாகப் படியும். இடிப்பதில் ஒரு அறிகுறி இருக்கிறது. முதல் நான்கைந்து இடிக்குச் சுக்கு கல்போலத் துள்ளி உரலின் விளிம்பில் மோதும். பிறகு சட்டென்று சத்தம் மாறும். டக் டக்கென்றது பொதக்கென்று அமுங்கும். சுக்கு நார்நாராகப் பிரிந்துவிட்டது என்று அர்த்தம். மிளகு பாதியாக உடைந்து, உள்ளே வெள்ளை தெரியும். அங்கே நிறுத்திவிடுங்கள்.

பழம்

எந்தப் பழத்தையும் போடலாம் என்று எழுதுவார்கள். போட முடியாது. சப்போட்டா, வாழை, சீத்தாப்பழம் எல்லாம் வெந்நீரில் குழைந்து கூழாகிவிடும். பப்பாளி வெந்தால் ஒரு பச்சை வாடை. புளிப்பும் வாசனையும் உள்ள, வெந்தாலும் உருக்குலையாத பழங்கள்தான் இதற்கு ஏற்றவை.

புதிதாகத் தொடங்குபவர் ஆப்பிளில் தொடங்குங்கள். ஏமாற்றாது. பாதி ஆப்பிளைத் தோலோடு மெல்லிய வில்லைகளாக நறுக்கி, விதையை மட்டும் எடுத்துவிடுங்கள். மெழுகு பூசியதுபோல் பளபளத்தால் வெந்நீரில் கழுவித் தேய்த்துவிடுங்கள். பட்டைக்கும் ஆப்பிளுக்கும் நல்ல பொருத்தம்.

கொய்யா நம் பக்கத்துப் பழம். முழுதாகக் கனிந்தது வேண்டாம். மூக்கருகே வைத்தால் மணக்க வேண்டும், விரலால் அழுத்தினால் குழியக் கூடாது. அந்தப் பருவத்தில் நான்கு வில்லை போட்டால் இஞ்சியின் முரட்டுத்தனம் அடங்கிவிடும். கமலா ஆரஞ்சு என்றால் சுளையைப் பிறகு போட்டுக்கொள்ளலாம், தோல்தான் முக்கியம். தோலின் உள்பக்க வெள்ளையைக் கரண்டியால் வழித்துவிட்டு, ஒரு ரூபாய் நாணய அளவில் இரண்டு துண்டு. அதையும் கொதிக்கவிடாமல் இலையோடு சேர்த்துப் போட வேண்டும்.

அடுத்தது நெல்லிக்காய். தகடூர் அதியமான் தனக்குக் கிடைத்த அரிய நெல்லிக்கனியைத் தான் உண்ணாமல் ஔவைக்குக் கொடுத்தது எல்லோருக்கும் தெரிந்த கதை. அந்தத் தகடூர்தான் இன்றைய தர்மபுரி. அதே அதியமானின் முன்னோர் கரும்பை இந்த நாட்டுக்குக் கொண்டுவந்தார்கள் என்றும் ஔவை பாடியிருக்கிறார். அது அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. நெல்லியும் வெல்லமும் ஒரே டம்ளரில் சேரும்போது எனக்கு அந்த ஞாபகம் வரும். பழம்பெருமை இருக்கட்டும், செய்முறைக்கு வருவோம். பெரிய நெல்லிக்காய் ஒன்றைக் கொட்டை நீக்கிச் சுளைகளாகப் பிரித்துப் போடுங்கள். ஐந்து நிமிடத்துக்கு மேல் வேகவிடாதீர்கள், துவர்ப்பு ஏறும். நெல்லி போட்ட நாளில் எலுமிச்சை தேவையில்லை, வெல்லம் சற்றுக் கூடுதலாக வேண்டும்.

கிருஷ்ணகிரியில் இருந்துகொண்டு மாம்பழத்தைச் சொல்லாமல் விட்டால் ஊருக்குள் போக முடியாது. ஆனால் மாம்பழம் வருவது கோடையில், இந்தத் தேநீர் வேண்டியிருப்பது குளிரில். ஆகவே முன்யோசனை வேண்டும். கூழ் ஆலைகளுக்கு லாரி லாரியாகப் போகும் பெங்களூரா, அதாவது கிளிமூக்கு மாங்காயில், செங்காய்ப் பதத்தில் நான்கைந்தை வாங்கி, உப்போ மஞ்சளோ தொடாமல் மெல்லியதாகச் சீவி, வெள்ளைத் துணி மூடி வெயிலில் காயவையுங்கள். மடக்கினால் ஒடிய வேண்டும். வளைந்தால் இன்னும் ஈரம் இருக்கிறது. கண்ணாடிப் பாட்டிலில் போட்டு மூடினால் மார்கழி வரை நிற்கும். ஊறுகாய்க்கு உப்பில் போட்ட வற்றலை இதற்கு எடுக்க வேண்டாம், தேநீர் ரசமாகிவிடும். உப்பில்லா மாங்காய் வில்லை மூன்றோ நான்கோ கொதியில் விழுந்ததும் மெதுவாக உப்பி, விளிம்பு கண்ணாடிபோல் தெளிந்து, மே மாதத்தின் மண்டி வாசனையை அடுப்பங்கரைக்குக் கொண்டுவரும். என் கையிருப்பில் நான் யாருக்கும் கொடுக்காத பொருள் அது ஒன்றுதான்.

இலையும் பூவும்

துளசி எட்டுப் பத்து இலை. புதினா ஐந்தாறு. எலுமிச்சைப்புல் இரண்டு தாள். கத்தரித்துப் போடுவதைவிட முடிச்சுப்போட்டுக் கையால் கசக்கிப் போட்டால் வாசனை அதிகம், எடுத்தெறியவும் எளிது. கற்பூரவல்லி வீட்டுக்கு வீடு தொட்டியில் இருக்கிறது. ஒரு இலை போதும், அதையும் பாதியாகக் கிள்ளுங்கள். இரண்டாவது இலை போட்டால் மற்ற எல்லாப் பொருள்களும் வேடிக்கை பார்க்கும்.

இவை அனைத்தையும் ஒரே நாளில் போட வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை. ஒரு இலை, ஒரு பழம், ஒரு உறைப்பு. பழகும் வரை இதற்கு மேல் போகாதீர்கள். இஞ்சி, ஆப்பிள், எலுமிச்சைப்புல் ஒரு சேர்க்கை. சுக்கு, நெல்லி, துளசி இன்னொன்று. மாங்காய் வில்லைக்குப் புதினாவும் மிளகும்.

பூக்களில் எச்சரிக்கை. ஓசூர் ரோஜா பெயர் பெற்றதுதான். பூங்கொத்துக்கும் மாலைக்கும் வளர்க்கும் பூவுக்குப் பூச்சிமருந்து அடிப்பார்கள். அதைத் தேநீரில் போடவே கூடாது. மருந்தடிக்காமல் வீட்டுத் தொட்டியில் வளர்த்த பன்னீர் ரோஜாவென்றால் நான்கு இதழ் போடலாம். ஆவாரம்பூ நம் மேட்டுநிலங்களில் தானாகப் பூத்துக் கிடக்கிறது. நெடுஞ்சாலை ஓரத்தில் பறிக்காதீர்கள். லாரிப் புகையும் டயர்த் தூசியும் குடித்து வளர்ந்த செடி அது. சாலையை விட்டு உள்ளே போய்க் கொல்லைமேட்டில் பறித்து, நிழலில் உலர்த்தி வைத்துக்கொள்ளுங்கள்.

செம்பருத்தியில் ஒரு குழப்பம் இருக்கிறது. வெளிநாட்டுப் பெட்டிகளில் ஹைபிஸ்கஸ் டீ என்று வரும், புளிப்பான, ரத்தச் சிவப்பான பானம் நம் வீட்டுச் செம்பருத்தியில் செய்வதல்ல. அது புளிச்சகீரை இனத்துச் செடியின் சிவந்த புல்லிவட்டம். வீட்டுச் செம்பருத்திக்குச் சொந்தமாகப் புளிப்பு கிடையாது. இதழை வெந்நீரில் போட்டால் முதலில் மங்கலான ஊதா நிறம்தான் வரும். "ஏமாந்துவிட்டோம்" என்று தோன்றும் அந்த நேரத்தில் நான்கு சொட்டு எலுமிச்சைச் சாறு விடுங்கள். ஊதா கலைந்து இளஞ்சிவப்பாக மாறும். வீட்டில் குழந்தைகள் இருந்தால் இந்த ஒரு வேலையை அவர்களிடம் விட்டுவிடலாம்.

அடுப்பில்

அரை லிட்டர் தண்ணீர், அதில் இடித்த சரக்கு. தண்ணீர் பச்சையாக இருக்கும்போதே போட்டு, பிறகு அடுப்பைப் பற்றவையுங்கள். கொதி வந்ததும் தீயைக் குறைத்து, பாதி மூடிய நிலையில் பத்து நிமிடம். ஓசூர், தளி மேட்டுநிலத்தில் இருப்பவர்கள் இரண்டு நிமிடம் கூட்டிக்கொள்ளுங்கள். கடல்மட்டத்திலிருந்து ஏறக்குறைய 900 மீட்டர் உயரத்தில் தண்ணீர் 97 டிகிரியிலேயே கொதித்துவிடும். சுக்குக்கு அந்த மூன்று டிகிரிக் குறைவு தெரியும். தர்மபுரிக்காரர்களுக்கு இந்தக் கவலை இல்லை.

தண்ணீர் வெளிர் தேன் நிறத்துக்கு வந்ததும் பழத்தைப் போடுங்கள். இனி தளதளக்கக் கூடாது. ஓரத்தில் சின்னக் குமிழிகள் ஏறினால் போதும். ஆப்பிள், கொய்யாவுக்கு ஏழு நிமிடம். நெல்லிக்கு ஐந்து. உலர்ந்த மாங்காய்க்குப் பத்து. ஆப்பிள் வில்லையின் நடுவெள்ளை மறைந்து ஒளி ஊடுருவுவதுபோல் ஆனால் பதம் வந்துவிட்டது.

அடுப்பை அணையுங்கள். அணைத்துவிட்டு, கொதி அடங்கும் வரை மனதுக்குள் முப்பது எண்ணுங்கள். இப்போது இலையையும் பூவையும் போட்டு உடனே மூடுங்கள். ஐந்து நிமிடம் திறக்காதீர்கள். புதிதாகச் செய்பவர்கள் எல்லோரும் இடையில் ஒருமுறை திறந்து மோந்து பார்ப்பார்கள், நானும் பார்த்தேன். நேரம் முடிந்து மூடியைத் தூக்கும்போது அதன் உள்பக்கம் திரண்டிருக்கும் நீர்த்துளிகளைக் கீழே சிந்தாமல் பாத்திரத்துக்குள்ளேயே தட்டிவிடுங்கள். ஆவியோடு எழுந்த வாசனை அந்தத் துளிகளில்தான் இருக்கிறது.

தேயிலை சேர்த்தே ஆக வேண்டும் என்பவர்கள் இலையோடு கால் கரண்டி சேர்க்கலாம். தூள் வேண்டாம், நீலகிரி இலைத்தேயிலையாக இருக்கட்டும். இரண்டு நிமிடத்தில் வடிகட்டியாக வேண்டும், எனவே மற்ற இலைகளைப் போட்டு மூன்று நிமிடம் கழித்துத் தேயிலையைப் போடுங்கள். தேயிலை போட்டால் அதிலுள்ள காபீனும் கூடவே வரும். தூக்கம் வராதவர்கள் இரவில் தவிர்க்கவும். சாப்பாடு முடிந்த கையோடு தேயிலை போட்டதைக் குடித்தால் கீரையிலும் கேழ்வரகிலும் இருக்கும் இரும்புச்சத்து உடம்பில் சேர்வது குறையும். ஒரு மணி நேரம் கழித்துக் குடிக்கலாம்.

பால் மட்டும் வேண்டாம். புளிப்பான பழத்தோடு பால் சேர்ந்தால் திரிந்துவிடும் என்பது தெரிந்தும், நம் கை பழக்கத்தில் பால் பாத்திரத்தைத் தேடும்.

இனிப்பு, புளிப்பு

வடிகட்டிய பிறகுதான் வெல்லம். டம்ளருக்கு ஒரு கரண்டி பொடித்த வெல்லம் அல்லது நாட்டுச் சர்க்கரை. பளிச்சென்ற மஞ்சள் வெல்லத்தைவிட, கறுத்துப் பழுப்பேறிய வெல்லத்தை நான் எடுப்பேன். அந்தக் கருகல் ருசி சுக்கோடு சேரும். வெல்லத்தில் மண் இருந்தால் இரண்டு கரண்டி வெந்நீரில் கரைத்துத் தனியாக வடிகட்டி ஊற்றுங்கள். தேன் என்றால், டம்ளரைக் கையில் பிடித்துக் குடிக்கும் சூடு வந்த பிறகு. கொதிக்கிற நீரில் விட்டால் தேனுக்கென்று இருக்கும் வாசனை போய், வெறும் சர்க்கரை மிஞ்சும். அதற்குத் தேன் விலை கொடுக்க வேண்டியதில்லை.

எலுமிச்சைச் சாறு கடைசி. டம்ளருக்கு அரைக் கரண்டி. பிழிந்த மூடியைத் தேநீருக்குள் போட்டு அழகு பார்க்காதீர்கள், ஐந்து நிமிடத்தில் கசக்கும்.

ஒரு சிட்டிகை உப்பு போடலாமா என்று கேட்பார்கள். போட்டுப் பாருங்கள். நெல்லி, மாங்காய் இரண்டுக்கும் உப்பு பொருந்தும், ஆப்பிளுக்குப் பொருந்தாது.

சரியாக வரவில்லையென்றால்

கசந்தால் இலை அதிக நேரம் ஊறியிருக்கிறது, அல்லது தோலின் வெள்ளைப் பகுதி உள்ளே போயிருக்கிறது. வெந்நீர் கலந்து கொஞ்சம் வெல்லம் சேர்த்தால் அன்றைக்குச் சமாளிக்கலாம். தண்ணீராக இருந்தால் மறுபடி அடுப்பில் ஏற்றிச் சுண்டவைக்காதீர்கள், இலை வாசனை முழுவதும் போய்விடும். மறுநாள் இடிப்பதைக் கூடுதலாக இடியுங்கள்; பெரும்பாலும் இடிக்கச் சோம்பிப் போனதுதான் காரணமாக இருக்கும். உறைப்பு தாங்கவில்லையென்றால் இரண்டு ஆப்பிள் வில்லையைப் போட்டு மூடிவையுங்கள், கொஞ்சம் தணியும்.

யார் கவனமாக இருக்க வேண்டும்

இது குளிருக்கு இதமான பானம், மருந்து அல்ல. காய்ச்சல் மூன்று நாளைத் தாண்டினால் டாக்டரிடம் போக வேண்டும், இன்னொரு டம்ளர் போடக் கூடாது. ஒரு வயது நிறையாத குழந்தைக்கு எந்த வடிவத்திலும் தேன் கொடுக்கக் கூடாது. பொட்டுலிசம் என்ற கடுமையான நஞ்சேற்றம் வரலாம். இனிப்புக்காகவும் தொண்டைக்காகவும் நாட்டுமருந்துக் கடையில் அதிமதுரம் கொடுப்பார்கள். நல்ல பொருள்தான், ஆனால் தொடர்ந்து எடுத்தால் ரத்த அழுத்தத்தை ஏற்றும். ரத்த அழுத்தம் உள்ளவர்களும் கர்ப்பிணிகளும் அதைத் தொட வேண்டாம். ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை சாப்பிடுபவர்கள் இஞ்சியை மிதமாக வைத்துக்கொள்ளுங்கள். சர்க்கரை நோய்க்கு மாத்திரை எடுப்பவர்கள் ஆவாரம்பூவைத் தினசரி வழக்கமாக்கும் முன் தங்கள் டாக்டரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். வெல்லமும் சர்க்கரைதான்; நிறம் கறுப்பு என்பதால் உடம்பு ஏமாறாது.

எடுத்து வைக்க

போட்ட தேநீர் அன்றைக்கே தீர வேண்டும். பிளாஸ்கில் ஊற்றி வேலைக்கு எடுத்துப் போவதென்றால் இலைகளைச் சுத்தமாக வடிகட்டிவிட்டு, எலுமிச்சை சேர்க்காமல் ஊற்றுங்கள். சாற்றைத் தனியாகச் சிறு டப்பாவில் கொண்டு போகலாம். மீந்தது பிரிட்ஜில் மறுநாள் வரை தாங்கும். சூடு பண்ணும்போது கொதிக்கவிடாதீர்கள்.

காலையில் இடிக்க நேரமில்லாதவர்களுக்கு ஒரு வழி. போச்சம்பள்ளி வாரச் சந்தையிலோ உங்கள் ஊர்ச் சந்தையிலோ சுக்கும் மிளகும் மொத்தமாக வாங்கி, ஒரு விடுமுறை நாளில் சுக்கு ஐந்து பங்கு, மிளகு இரண்டு பங்கு, பட்டை ஒரு பங்கு, ஏலக்காய் அரைப் பங்கு என்ற கணக்கில் ஒன்றிரண்டாக இடித்து, ஈரமில்லாத கண்ணாடிப் பாட்டிலில் போட்டுவிடுங்கள். அரை லிட்டருக்கு ஒரு சிறு கரண்டி. ஒரு மாதத்துக்குத் தேவையானதை மட்டும் இடியுங்கள். அதற்கு மேல் வைத்தால் காரம் இருக்கும், மணம் இருக்காது. உலர்ந்த துளசியையும் பழத்தையும் அதே பாட்டிலில் கலக்காதீர்கள். அவற்றைப் போடும் நேரம் வேறு, அவற்றில் துளி ஈரம் இருந்தாலும் மொத்தமும் பூஞ்சை பிடித்துவிடும்.

வடிகட்டியில் நிற்கும் சக்கையை எறிய வேண்டாம். வெந்த ஆப்பிளையும் மாங்காயையும் எங்கள் வீட்டில் சாப்பிட்டுவிடுவார்கள். மிச்சம் ஆறியதும் துளசித் தொட்டி மண்ணில் கிளறிவிடலாம். வெல்லத்தை வடிகட்டிய பிறகு சேர்க்கச் சொன்னதற்கு இதுவும் ஒரு காரணம். அத்தை வீட்டில் நான் முதல்முறை போட்டது வெல்லத்தோடு கொதித்த சக்கை. அதைத் தொட்டியில் கொட்டிய மறுநாள் காலையில் எறும்பு வரிசை தொட்டியிலிருந்து திண்ணை வழியாக அடுப்பங்கரை வரை நீண்டிருந்தது.